பங்காளி

கோல சிலாங்கூரில், தோட்டத்துப் பிள்ளைகள் சேர்ந்து தொடங்கியிருக்கும் காற்பந்துச் சங்கத்தின் முதல் பொதுக்கூட்டத்தில் ஆற்றிய உரை



தம்பிகள் என்னைப் பேசக் கூப்பிட்டபோதே தலைப்பையும் கையில் கொடுத்துவிட்டார்கள். பிரான்சில் ரக்பி ஆடிய ஃபார்வர்ட் ஒருவர் ஆடி ஓய்ந்த பிறகு சங்கத்துக்கே பங்கு முதலாளி ஆகிறாராம். "அந்த மாதிரிக் கதை ஒன்றைச் சொல்லுங்கள் வாத்தியாரே, நம் பிள்ளைகளுக்கு உற்சாகமாக இருக்கும்" என்றார்கள். சரி என்று தலையாட்டிவிட்டு வீட்டுக்குப் போன பிறகுதான் யோசித்தேன். முப்பத்து மூன்று வருஷம் தமிழ்ப்பள்ளியில் வாய்ப்பாடு சொல்லிக்கொடுத்தவனுக்கும் ரக்பிக்கும் என்ன சம்பந்தம்? பந்து முட்டை வடிவத்தில் இருக்கும் என்பதுவரை தெரியும். மற்றதையெல்லாம் இந்த ஒரு மாதத்தில் பேரனிடம் பாடம் கேட்டேன். தவறு இருந்தால் அவனைப் பிடித்துக்கொள்ளுங்கள், மூன்றாவது வரிசையில்தான் உட்கார்ந்திருக்கிறான்.

காற்பந்தில் ஃபார்வர்ட் என்றால் கோல் போடுகிறவன். மறுநாள் பத்திரிகையில் படம் வருவது அவனுக்குத்தான். ரக்பியில் அப்படி இல்லை. ஒரு பக்கத்துக்குப் பதினைந்து பேர். அதில் எட்டுப் பேர் ஃபார்வர்ட். மூன்று பேர் முன்னால், இரண்டு பேர் நடுவில், மூன்று பேர் பின்னால். எட்டுப் பேரும் தோளோடு தோள் கோத்து, தலையைக் குனிந்து, எதிரில் அதே மாதிரி நிற்கும் எட்டுப் பேரை முட்டித் தள்ளுவார்கள். அதற்குப் பெயர் ஸ்க்ரம். இதைத் தொலைக்காட்சியில் பார்த்தபோது எனக்குப் புதிதாகத் தெரியவில்லை. மழைக்காலத்தில் ரப்பர்ப் பால் லோரி களிமண்ணில் புதைந்துவிட்டால் நம் ஆட்கள் என்ன செய்வார்கள்? மூன்று பேர் பின்பலகையில் தோள் கொடுப்பார்கள், அவர்கள் இடுப்பை அணைத்து இரண்டு பேர், இன்னும் மூன்று பேர் எங்கே இடம் கிடைக்கிறதோ அங்கே. "ஏலேலோ" என்று ஒருவர் குரல் கொடுக்க எட்டுப் பேரும் ஒரே மூச்சில் தள்ளுவார்கள். சக்கரம் வாரி இறைக்கும் சேறு முழுக்க அவர்கள் மூஞ்சியில். லோரி ஏறிவிடும். டிரைவர் கையைக்கூட ஆட்டாமல் போய்விடுவார். ரக்பி ஃபார்வர்ட் என்றால் அந்த எட்டுப் பேர்தான்.

இனி பிரான்சுக்குப் போவோம். தெற்கே துலோன் என்று ஒரு கடற்படைத் துறைமுகம். கப்பல் பட்டறைக்காரர்களின் ஊர், ரக்பிப் பித்துப் பிடித்த ஊர். அங்கே எரிக் ஷாம்ப் என்று ஒரு ஃபார்வர்ட் இருந்தார். கடைசி மூவரில் ஒருவராக நின்று தள்ளுகிறவர். 1987-ல் முதல் உலகக் கிண்ண இறுதியாட்டம் ஆக்லாந்தில் நடந்தபோது பிரான்ஸ் அணியில் அவர் இருந்தார். நியூசிலாந்திடம் 29-9 என்று தோற்றார்கள். அதே ஆண்டு துலோன் பிரான்சின் சாம்பியன் ஆனது, 1992-ல் மறுபடியும். ஆட்டத்தை விட்ட பிறகு, 1990-களின் பிற்பகுதியில், ஷாம்ப் அதே சங்கத்துக்குத் தலைவராக வந்தார்.

வந்த நேரம்தான் சரியில்லை. ரக்பியில் ஆட்டக்காரர்களுக்கு வெளிப்படையாகச் சம்பளம் கொடுக்கலாம் என்று 1995-ல்தான் முடிவானது. அதுவரை வேலை முடிந்து சாயங்காலம் வந்து தள்ளியவர்களை வைத்து நடந்த சங்கம், இனி மாதாமாதம் சம்பளப் பட்டியல் போட வேண்டும். பணம் இருந்த ஊர்கள் நிமிர்ந்தன, இல்லாத ஊர்கள் கடனில் விழுந்தன. கடனைக் காரணம் காட்டி 2000-ல் துலோனை இரண்டாம் பிரிவுக்கு இறக்கினார்கள். அதைத் தூக்கி நிறுத்தியது யார்? 2006-ல் வந்த முராட் புஜெல்லால். சித்திரக்கதைப் புத்தகம் போட்டுப் பணம் பார்த்தவர், ஸ்க்ரம் தள்ளியவர் அல்ல. அவர் காலத்தில்தான் துலோன் 2013, 2014, 2015 என்று மூன்று ஆண்டு தொடர்ந்து ஐரோப்பியக் கிண்ணத்தை வென்றது. ஆக, தம்பிகளே, நீங்கள் கேட்ட கதை நீங்கள் நினைத்த மாதிரி முடியவில்லை. தள்ளியவர் தலைவராக வந்தார், காப்பாற்றியது பணக்காரர்.

ஆனால் அந்தச் சங்கத்திடம் ஒரு சொத்து இருந்தது. எத்தனை கடன் வந்தாலும் ஊர்க்காரர்கள் "நம்முடையது" என்று சொல்லும் திடல். அதன் பெயர் மயோல். ஃபெலிக்ஸ் மயோல் என்பவர் துலோனில் பிறந்த மேடைப் பாடகர். பாரிஸ் போய்ப் பாடிச் சம்பாதித்தார், சம்பாதித்த காசில் நிலத்தை வாங்கி ஊர்ச் சங்கத்துக்குக் கொடுத்தார். 1920-ல் திறந்தார்கள். சட்டையில் அவர் குத்திக்கொள்ளும் சின்ன வெள்ளைப் பூதான் இன்றுவரை அந்த அணியின் சின்னம். ரக்பியைப் பற்றிப் படித்ததிலேயே என் மனசில் நின்றது இதுதான். ஒரு பாட்டுக்காரர் திடல் வாங்கிக் கொடுத்திருக்கிறார்! நம்மிடமும் பாட்டுக்காரர்களுக்குப் பஞ்சம் இல்லை.

சரி, நம் கதைக்கு வருகிறேன். நமக்குத் திடல் யார் கொடுத்தது?

நம் காற்பந்துக்குக் கோப்பையைக் கொடுத்தது யார் என்று முதலில் சொல்லிவிடுகிறேன். எச்.எம்.எஸ். மலாயா என்று ஒரு போர்க்கப்பல். 1915-ல் கடலில் இறங்கியது. அதைக் கட்டப் பணம் கொடுத்தது நம் கூட்டு மலாய் மாநிலங்களின் அரசாங்கம். அரசாங்கத்துக்குக் காசு எங்கிருந்து வந்தது? ஈயத்திலிருந்தும் ரப்பரிலிருந்தும். முதல் உலகப் போர் முடிந்து அந்தக் கப்பல் இந்தப் பக்கம் வந்தபோது, நன்றிக்காக மாலுமிகள் இரண்டு கோப்பைகள் கொடுத்தார்கள், ஒன்று காற்பந்துக்கு, ஒன்று ரக்பிக்கு. 1921-ல் தொடங்கிய மலாயா கிண்ணம் அப்படி வந்ததுதான். அதைத்தான் இன்று மலேசியக் கிண்ணம் என்கிறோம். முதல் இறுதியாட்டத்தில் சிலாங்கூர் சிங்கப்பூரிடம் தோற்றது. கணக்கைப் போட்டுப் பாருங்கள். பால் வெட்டியவன் வரி கப்பலாகப் போய்க் கோப்பையாகத் திரும்பி வந்திருக்கிறது. ரக்பிக் கோப்பைக்கு ஆடியவர்களில் வெள்ளைக்காரத் துரைமார்களும் அதிகாரிகளும் நிறைய. நம்மிடம் வந்தது காற்பந்துதான். காற்பந்துக்குப் பந்து ஒன்று போதும்; ரக்பிக்கு இறைச்சிச் சாப்பாடு வேண்டும் என்று அப்பா சொல்வார்.

என் அப்பா எங்கள் தோட்டத்து அணியில் ரைட் பேக். அந்தத் தோட்டத்தின் பெயரை நான் சொல்லப் போவதில்லை. இங்கே பாதிப் பேருக்குத் தெரியும். ஆபீசுக்கும் துரை பங்களா மேட்டுக்கும் நடுவில் திடல். ரப்பர் மரக் கம்பு நட்டால் ஆறு மாதத்தில் கரையான் அரித்துவிடும் என்று கோல் கம்பம் நிபோங் பனையில் நட்டிருந்தார்கள். வலை மீன் வலை. பாசிர் பெனாம்பாங்கில் மீன்பிடிக்கிறவர்களிடம் கிழிந்த வலையை வாங்கி வந்து, சனிக்கிழமை மத்தியானம் லயத்து வாசலில் உட்கார்ந்து முடிச்சுப் போடுவார்கள். கோயில் மதிலுக்கு வெள்ளையடித்த மிச்சச் சுண்ணாம்பில் கோடு போடுவார்கள். அதனால் திருவிழாவுக்கு அடுத்த மாதம்தான் கோடு பளிச்சென்று தெரியும். மற்ற மாதங்களில் லைன்மேன் சொன்னதுதான் கோடு.

பந்து தோல் பந்து, வாயில் நாடா கட்டியது. மழையில் ஊறினால் பலாப்பழம் மாதிரி கனக்கும். அதைத் தலையால் முட்டினால் நாடா முடிச்சு நெற்றியில் பதியும். அப்பா நெற்றியில் இடது புருவத்துக்கு மேலே அப்படி ஒரு தழும்பு கடைசிவரை இருந்தது. விபூதி பூசினால் அதில் மட்டும் ஒட்டாது. உள்ளே இருக்கும் பிளாடர் ஓட்டையானால் கொஞ்சம் பால் தடவி, ஒட்டுப்பால் துண்டு ஒன்றை வைத்து அமுக்கி வெயிலில் காய வைப்பார்கள். சுற்றி ஆயிரம் ஏக்கர் ரப்பர். பந்து மட்டும் பசார் கடையில் கடன்.

நன்றாக ஆடினார்கள். அதில் சந்தேகமே வேண்டாம். இந்தப் பக்கத்தில் ஈஜோக், ஜெராம், புக்கிட் ரோத்தான், பத்தாங் பெர்ஜுந்தை, மேலே ரவாங், பத்தாங் காலி வரை எந்தத் தோட்டத்தில் ஆட்டம் என்றாலும் லோரியில் ஏறிப் போவார்கள். நாட்டு அணியிலும் நம் ஆட்கள் இருந்தார்கள். 1972-ல் மியூனிக் ஒலிம்பிக்குக்குப் போன மலேசியக் காற்பந்து அணிக்குத் தலைவர் எம். சந்திரன். அங்கே அமெரிக்காவை 3-0 என்று வென்றார்கள். கோல் காவலர் ஆறுமுகத்தை "ஸ்பைடர்மேன்" என்று நாடே கூப்பிட்டது. 1980-ல் மாஸ்கோ ஒலிம்பிக்குக்குத் தகுதி பெற்ற அணியிலும் ஆறுமுகம் இருந்தார். நாடு புறக்கணித்ததால் போகவில்லை. 1988-ல் சாலை விபத்தில் போய்விட்டார். இந்தப் பெயர்களைச் சொன்னால் இப்போதும் கூட்டத்தில் ஒரு சலசலப்பு வருகிறது. ஆட்டக்காரர் பெயர் கேட்டால் பத்துப் பேர் கை தூக்குவோம். அவர்கள் ஆடிய திடல் யாருடையது, சங்கம் யாருடையது என்று கேட்டால்?

அறுபதுகளின் நடுவில் ஒரு வியாழக்கிழமை. ஞாயிறு பக்கத்துத் தோட்டத்தோடு ஆட்டம். சாயங்காலம் அப்பாவும் கூட்டாளிகளும் பழகப் போனால், திடல் முழுக்கக் கறுப்புப் பைகள் வரிசை வரிசையாக அடுக்கியிருக்கின்றன. ஒவ்வொரு பையிலும் கையளவு செம்பனை நாற்று. தோட்டம் ரப்பரை வெட்டிச் செம்பனை நடப் போகிறது. நாற்றங்காலுக்குச் சமதரை வேண்டும், பக்கத்தில் தண்ணீர் வேண்டும். திடலைவிட வசதியான இடம் ஏது? அணித் தலைவர் ஆபீசுக்குப் போய்க் கேட்டிருக்கிறார். முன்கூட்டி ஒரு வார்த்தை சொல்லக் கூடாதா என்றாராம். கிராணி நிமிர்ந்துகூடப் பார்க்காமல் சொன்ன பதில்: "ஏன், திடல் உங்கப்பன் வீட்டுச் சொத்தா?"

மற்றவர்கள் அடுத்த ஒரு வாரம் இதைச் சொல்லிச் சொல்லித் திட்டினார்கள். அப்பா திட்டவில்லை. ராத்திரி சாப்பிடும்போது அம்மாவிடம், "அவன் கேட்டது சரியான கேள்விதான்" என்று மட்டும் சொன்னார். எனக்கு அப்போது எட்டு வயசு. திட்ட வேண்டியவரைத் திட்டாமல் இப்படிச் சொல்கிறாரே என்று அப்பா மேல்தான் கோபம் வந்தது.

அந்த நாற்று இந்தப் பக்கம் எப்படி வந்தது என்பதையும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் தம்பிகள் கேட்ட பிரெஞ்சுக்காரர் அங்கேதான் இருக்கிறார். இவர் ரக்பி ஆடியவர் அல்ல. ஆனால் நம் ஊரில் வெறுங்கையோடு இறங்கிப் பங்கு முதலாளி ஆன பிரெஞ்சுக்காரர் ஒருவர் உண்டு. பெயர் ஹென்ரி ஃபோக்கோனியே. பிரான்சில் பார்பெசியோ என்ற சிற்றூரில், கோன்யாக் வியாபாரி வீட்டில், 1879-ல் பிறந்தவர். போர்னியோவில் ஜவ்வரிசி மரம் நட்டால் பணம் கொட்டும் என்று எதிலோ படித்துவிட்டு 1905-ல் கப்பல் ஏறினார். சிங்கப்பூரில் இறங்கியதும், ஜவ்வரிசியை விடு, இப்போது காலம் ரப்பருக்கு என்றார்கள். கிள்ளான் பக்கத்தில் ஒரு தோட்டத்தில் சில மாதம் தொழில் பழகினார். பிறகு கோல சிலாங்கூரில், நம் ஆற்றங்கரையில், ரந்தாவ் பாஞ்சாங்கில் காட்டை வாங்கி வெட்டினார். அத்தாப்புக் கூரை போட்டு ஒரு வீடு கட்டி அதற்குப் பனைகளின் வீடு என்று பெயர் வைத்தார்.

காசு எங்கிருந்து? ஊரிலிருந்த உறவினர், நண்பர்கள் போட்ட பங்கிலிருந்து. பிறகு பெல்ஜியத்திலிருந்து. போஸ்த் என்ற கூட்டாளியோடு சேர்ந்து தன் பெயரிலேயே கம்பெனி. அதன் பின்னால் அட்ரியன் ஹாலே என்ற பெல்ஜியக்காரரும், அவர் 1909-ல் தொடங்கிய சொக்ஃபின் நிறுவனமும். இந்தப் பக்கத்து வயசாளிகளுக்குச் சொக்ஃபின் என்ற பெயரை நான் விளக்க வேண்டியதில்லை. 1910-ல் ரப்பர் விலை இலண்டனில் ராத்தல் 12 ஷில்லிங்குக்கு மேல் ஏறியது. அந்த ஏற்றத்தில் ஏறியவர்களில் இவரும் ஒருவர். சுமத்ராவில் ஹாலே நட்டிருந்த செம்பனையிலிருந்து விதை வாங்கி வந்து, முதலில் அழகுக்காகப் பாதையோரம் நட்டார். 1917-ல் பத்தாங் பெர்ஜுந்தையில் வியாபாரத்துக்கென்றே ஒரு தோட்டம் நட்டார்கள். மலாயாவின் முதல் செம்பனைத் தோட்டம் அதுதான். அந்தத் தோட்டத்தின் பெயர் தென்னமரம். ஆமாம், நம் தமிழ்த் தென்னமரம். பிரெஞ்சுக்காரர் தொடங்கிய செம்பனைத் தோட்டத்துக்குத் தமிழில் தென்னை என்று பெயர்! உலகத்துக்கே பாமாயில் ஊற்றும் நாட்டின் முதல் தோட்டம் நம் மொழியில் பெயர் வைத்துக்கொண்டு பெஸ்தாரி ஜெயா (பத்தாங் பெர்ஜுந்தையின் இன்றைய பெயர்) சாலையில் இன்றும் நிற்கிறது. பெயர்ப்பலகையைத் தாண்டிப் போகிற நம் பிள்ளைகளில் எத்தனை பேர் அதைத் தமிழாக வாசிக்கிறார்கள் என்று தெரியவில்லை.

இந்த ஃபோக்கோனியே கெட்டவர் என்று நான் சொல்ல வரவில்லை. மலாயும் தமிழும் கற்றுக்கொண்டவர். முதல் உலகப் போர் வந்ததும் ஓடிப்போய்ப் பிரெஞ்சுப் படையில் சேர்ந்து பதுங்குகுழியில் கிடந்தவர். பிறகு குடும்பத்தோடு துனீசியாவில் குடியேறி, இந்த மண்ணை நினைத்து "மலேசி" என்று ஒரு நாவல் எழுதினார். 1930-ல் அதற்குப் பிரான்சின் மிகப் பெரிய இலக்கியப் பரிசான கோன்கூர் கிடைத்தது. கோல சிலாங்கூர் மண்வாசம் பாரிஸ்வரை போனது என்று நாம் பெருமைப்படலாம், பெருமைப்பட வேண்டியதுதான். ஆனால் அந்த 1930 இங்கே எப்படி இருந்தது? உலகப் பொருளாதாரமே சரிந்து ரப்பர் விலை தரைதட்டியது. சில ஆண்டுகளுக்கு முன்னால்தான் ஆணுக்கு நாளைக்கு 50 காசு, பெண்ணுக்கு 40 காசு என்று கூலியை வரையறுத்திருந்தார்கள். அதையும் கொடுக்க முடியாது என்று ஆள் குறைத்து, பல்லாயிரம் தமிழர்களைக் கப்பலேற்றி இந்தியாவுக்குத் திருப்பி அனுப்பினார்கள். பாரிசில் மாலை போட்ட வருஷமும் பினாங்கு ஜெட்டியில் மூட்டையோடு நம் ஆட்கள் நின்ற வருஷமும் ஒன்றுதான். இருவரும் ஒரே காட்டில் உழைத்தவர்கள். ஒருவரிடம் பங்குப் பத்திரம் இருந்தது. மற்றவரிடம் இருந்தது அன்றாடம் காலையில் ஆள் கணக்கெடுக்கும் பெரட்டின் சீட்டு.

பங்காளி என்று நம்மிடம் ஒரு சொல் இருக்கிறது. ஊரில் அதற்கு இரண்டு அர்த்தம். ஒரே பாட்டனின் சொத்தில் பங்குள்ளவன், அதனாலேயே சண்டைக்காரன். வரப்பு ஒரு சாண் நகர்ந்தாலும் பங்காளி வீட்டில் அடிதடி. தோட்டத்தில் வளர்ந்த எங்களுக்குப் பங்காளிச் சண்டை என்றால் என்னவென்றே தெரியாது. ஒற்றுமையாக இருந்தோம் என்று நினைக்காதீர்கள். கோழிக்கும் தண்ணீர்க் குழாய்க்கும் தினமும் சண்டை. வரப்பு இல்லை, அவ்வளவுதான். லயத்து வீட்டில் பங்கு பிரிக்க என்ன இருக்கிறது?

இந்த இடத்தில்தான் துன் சம்பந்தன் வருகிறார். ஐம்பதுகளில் வெள்ளைக்காரக் கம்பெனிகள் சுதந்திரத்துக்குப் பயந்து தோட்டங்களை விற்கத் தொடங்கின. வாங்கியவர்கள் துண்டு துண்டாக வெட்டி விற்றார்கள். தோட்டத் துண்டாடல் என்று அதற்குப் பெயர். பொருளியல் அறிஞர் உங்கு அசிஸ் அதை ஆராய்ந்து 1962-ல் அறிக்கையே கொடுத்தார். தோட்டம் துண்டானால் வேலை போகும், வேலையோடு வீடு போகும், பள்ளிக்கூடம் போகும், கோயில் போகும். சம்பந்தன் சொன்ன மருந்து வாய்ப்பாட்டை விட எளிது. மாதம் பத்து வெள்ளி கட்டுங்கள், பத்து மாதத்தில் நூறு வெள்ளி, அது ஒரு பங்கு, எல்லாரும் பங்கு போட்டால் தோட்டத்தை நாமே வாங்கலாம். 1960-ல் தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கம் பிறந்தது. மறு ஆண்டே கெடாவில் புக்கிட் சிடிம் தோட்டத்தை வாங்கினார்கள். அமைச்சராக இருந்துகொண்டே அவர் தோட்டம் தோட்டமாகப் போய்ப் பேசினார்.

எங்கள் தோட்டத்திலும் அதற்கு ஆள் சேர்த்தார்கள். அப்பா சேரவில்லை. அவர் மாதச் சம்பளம் நூறு வெள்ளியைத் தொடாத காலம், பத்து வெள்ளி என்றால் மூன்று நாள் உழைப்பு. செம்பனை நாற்று திடலுக்கு வந்த அந்த மாதம்தான் போய்ச் சேர்ந்தார். ஏன் என்று அவர் யாரிடமும் சொல்லவில்லை. அம்மா மட்டும், பந்து ஆட இடமில்லாத கோபத்தில் பத்து வெள்ளியைக் கொண்டுபோய் எங்கேயோ கொடுக்கிறார் என்று பக்கத்து வீட்டில் புலம்பிக்கொண்டிருந்தார்.

அந்தப் பங்குப் பத்திரத்தை இன்று கொண்டுவந்திருக்கிறேன். பிஸ்கட் டின்னில் இருந்தது. அம்மாவின் ஒரு ஜோடித் தோடு, என் பிறப்புப் பத்திரம், மாரியம்மன் கோயில் கும்பாபிஷேக நோட்டீஸ், இது. நான்காக மடித்த இடத்தில் எழுத்து தேய்ந்துவிட்டது. ஆங்கில எழுத்தில் அப்பா பெயரைத் தப்பாக எழுதியிருக்கிறார்கள், அவருக்குத் தெரியாது. கைநாட்டு வைக்காமல் தமிழில் கையெழுத்துப் போட்டிருக்கிறார், கடைசி எழுத்தின் புள்ளி தாளில் ஓட்டை விழும் அளவுக்கு அழுத்தமாக. அவர் தம் வாழ்நாளில் வாங்கிய ஒரே நிலம் இந்தத் தாளில்தான் இருக்கிறது. அது எங்கே இருந்தது என்று அவர் பார்த்ததே இல்லை.

கூட்டுறவில் ஒரு விதி இருக்கிறது, தம்பிகள் இதைக் கவனியுங்கள். கம்பெனியில் பங்கு எத்தனையோ ஓட்டு அத்தனை. கூட்டுறவில் ஒருவர் பத்துப் பங்கு வைத்திருந்தாலும் ஒரு கைதான் தூக்கலாம். ஜெர்மனியில் காற்பந்துச் சங்கங்களுக்கு இதே வாசனையில் ஒரு விதி உண்டு. ஐம்பதுக்கு மேல் ஒன்று என்பார்கள். எவ்வளவு பெரிய முதலாளி வந்து பணம் போட்டாலும் பொதுவாகப் பாதிக்கு மேல் ஓட்டு உறுப்பினர் கையில்தான் இருக்க வேண்டும். கூட்டுறவிலும் குறை இல்லாமல் இல்லை. நிலநிதி வாங்கிய தோட்டத்திலும் பங்குதாரர் விடிகாலையில் பெரட்டில் போய்த்தான் நின்றார். முதலாளி ஆன களை முகத்தில் தெரிவதற்குள் மணி அடித்துவிடும். ஆனால் திடலைப் பற்றிக் கேட்கப் போனால் "உங்கப்பன் வீட்டுச் சொத்தா" என்று யாரும் கேட்க முடியாது. கேட்டால் "ஆமாம்" என்று சொல்லலாம்.

எல்லாப் பங்கும் இப்படி அமையவில்லை என்பதையும் மறைக்கக் கூடாது. 1980-களில் மைக்கா ஹோல்டிங்ஸ் என்ற முதலீட்டுக் கம்பெனிக்கு நம் மக்கள் 106 மில்லியன் வெள்ளி திரட்டிக் கொடுத்தார்கள். நகையை அடகு வைத்துக் கொடுத்தவர்கள் இந்த மண்டபத்திலேயே இருக்கலாம். இருபத்தைந்து வருஷம் கழித்து, 2010-ல், ஒரு வெள்ளிப் பங்குக்கு 80 காசு கொடுத்து வாங்கிக்கொள்ள ஒருவர் முன்வந்தபோது, கிடைத்ததே போதும் என்று கொடுத்தார்கள். பங்கு என்ற சொல்லைக் கேட்டாலே சில அக்காமார்கள் கைப்பையை இறுக்கிக்கொள்வது எனக்குத் தெரியும். நியாயம்தான். அது கம்பெனி, மேலே இருப்பவர்கள் என்ன செய்கிறார்கள் என்று கீழே இருந்து எட்டிப் பார்க்க ஏணி இல்லை.

காற்பந்திலும் பார்த்துவிட்டோம். மலேசிய இந்தியர் காற்பந்துச் சங்கம், நாம் மீஃபா என்று சொல்வது, தன் அணியை மலேசியப் பிரீமியர் லீக்வரை கொண்டுவந்தது. 2017-ல் அந்தச் சட்டையைப் பார்த்தபோது எனக்கு எப்படி இருந்தது என்று சொல்ல வரவில்லை. 2019-ல் பெட்டாலிங் ஜெயா சிட்டி என்று புதுப் பெயரில் சூப்பர் லீக்கில் ஆடியது. 2022 பருவம் முடிந்ததும் விலகிவிட்டது. இன்று அந்த அணி இல்லை. யார் மேலும் குற்றம் சொல்ல எனக்குத் தகுதி இல்லை. மேல்மட்டத்தில் அணி நடத்த மில்லியன் கணக்கில் வேண்டும். சிலாங்கூர் மாநிலச் சங்கத்தின் அணியே 2021-ல் சிலாங்கூர் எஃப்.சி. என்று தனிக் கழகமாக மாறிவிட்டது. பணம் போடுகிறவர் போட்டால் அணி, எடுத்தால் வெற்றுச் சட்டை. துலோனில் அப்படி ஒருவர் வந்தது அதிர்ஷ்டம், ஆனால் அதிர்ஷ்டத்தை நம்பி யாரும் சட்டவிதி எழுதுவதில்லை.

நீங்கள் எழுதியிருக்கும் சட்டவிதியைத் தம்பி ஒருவர் நேற்று எனக்கு அனுப்பினார். விளையாட்டு மேம்பாட்டுச் சட்டப்படி விளையாட்டு ஆணையரிடம் பதிவு செய்ய மனுப் போட்டிருக்கிறீர்கள், நல்லது. வாத்தியார் புத்தி, சிவப்புப் பேனா எடுத்துவிட்டேன். எட்டாவது விதியில் "நன்கொடையாளர்கள் நிர்வாகக் குழுவில் இடம்பெறுவர்" என்று இருக்கிறது. எத்தனை பேர்? பாதிக்குமேல் போனால் என்ன செய்வீர்கள்? அங்கே ஒரு எண் போடுங்கள். பதினோராவது விதியில் உறுப்பினர் சந்தா "நிர்வாகம் தீர்மானிக்கும்" என்கிறது. நிர்வாகம் ஏன் தீர்மானிக்க வேண்டும்? ஆண்டுக்குப் பத்து வெள்ளி என்று எழுதுங்கள். கடைசிப் பக்கத்தில் "சங்கத்தின் சொத்துகள்" என்று ஒரு தலைப்பு, கீழே பந்து ஆறு, வலை இரண்டு, தண்ணீர்ப் பீப்பாய் ஒன்று. அதற்குக் கீழே நான்கு விரற்கடை வெற்றிடம் விட்டிருக்கிறீர்கள். அது தட்டச்சுப் பிழையோ வேண்டுமென்றோ தெரியவில்லை. அதை மட்டும் திருத்தவில்லை.

நகராண்மைக் கழகத் திடலை வாடகைக்கு எடுத்துத்தான் ஆடுகிறீர்கள் என்று தெரியும். ஆறு மணிக்கு வாயிற்காவலர் விசில் அடித்தால் வெளியே வர வேண்டும். பரவாயில்லை. நான் பழைய தோட்டத்துக்குப் போன மாதம் போயிருந்தேன். திடல் இருந்த இடத்தில் இரண்டாவது சுற்றுச் செம்பனை. அந்த நாற்றெல்லாம் வளர்ந்து, காய்த்து, விழுந்து, அதன் மேல் அடுத்த தலைமுறை நட்டுவிட்டார்கள். கோல் கம்பம் எங்கே இருந்திருக்கும் என்று ஆபீஸ் படியிலிருந்து அடி வைத்து அளந்தேன். அப்பா நிற்கும் இடத்தில் குலை வெட்டிக்கொண்டிருந்தவர் வங்காளதேசத்துப் பையன். பந்து ஆடுவாயா என்று மலாயில் கேட்டேன். ஞாயிற்றுக்கிழமை சாலையோரம் ஆடுவோம் என்றான். அவனையும் கூப்பிட்டிருக்கிறேன், உங்கள் விதியில் குடியுரிமை பற்றி ஒன்றும் இல்லை, பார்த்துவிட்டேன்.

நேரம் ஆகிவிட்டது. படிவம் வாசல் மேசையில் இருக்கிறது. பெயரை அடையாள அட்டையில் இருக்கிறபடியே எழுதுங்கள், தமிழில் ஒரு தடவை, ஆங்கில எழுத்தில் ஒரு தடவை. பத்து வெள்ளி. சில்லறை இல்லாதவர்களுக்குப் பொருளாளர் தங்கை கைப்பேசியில் கியூஆர் கோடு வைத்திருக்கிறார். அப்பாவின் பத்திரத்தையும் அங்கேதான் கண்ணாடிக்கு அடியில் வைத்திருக்கிறேன், பார்க்கலாம், வெளியே எடுக்க வேண்டாம், மடிப்பில் கிழிந்துவிடும். மீகூன் பின்னால் இருக்கிறது. கையெழுத்துப் போட்ட பிறகு சாப்பிடுங்கள், எண்ணெய்க் கை பட்டால் தாள் ஊறிவிடும்.